ஏர் ரைஃபிளில் ரெட் டாட் பொருத்துவது: ரெயில் அளவு முதல் ஜீரோ வரை

ரெட் டாட் என்பது இலக்கின்மேல் ஒரு சிவப்புப் புள்ளியைக் காட்டும் குறிபார்க்கும் கருவி. புதிதாக மாட்டியது முதல் இருபது பெல்லட்டுக்கு (ஈயக் குண்டுக்கு) நன்றாகவே அடிக்கும். அப்புறம் குரூப், அதாவது பெல்லட்டுகள் சேர்ந்து விழும் இடம், மெல்ல நகரத் தொடங்கும். உடனே கை டாட்டைத் திருத்தும் திருகுக்குப் போகும்: நாலு கிளிக் (திருகின் ஒரு படி ஒரு கிளிக்) மேலே, ரெண்டு கிளிக் வலது. மறுநாள் மறுபடியும் விலகியிருக்கும். “டாட் மோசம்” என்று பெட்டிக்குள் போட்டு வைத்திருப்பவர்களில் பலருடைய டாட்டில் ஒரு குறையும் இருக்காது. அது உட்கார்ந்திருக்கும் இடம்தான் அரை மில்லிமீட்டர் பின்னால் போயிருக்கும். ஆகவே இந்த வழிகாட்டியில் பாதிக்கு மேல் பிடிமானத்தைப் பற்றியதுதான். கிளிக் எண்ணி ஜீரோ செய்வது, அதாவது புள்ளி காட்டும் இடத்திலேயே பெல்லட் விழும்படி திருத்துவது, அதற்குப் பிறகு வருகிற எளிய வேலை.

குமரி மாவட்டத்தில் பரவலாகக் கையில் இருப்பது குழலை மடக்கிக் காக் செய்கிற (உள்ளிருக்கும் ஸ்பிரிங்கை அழுத்திச் சுடத் தயாராக்குகிற) 0.177 அங்குல ஸ்பிரிங் ஏர் ரைஃபிள். அதை வைத்தே எல்லாம் சொல்லப்படுகிறது. வெடிமருந்துத் துப்பாக்கிக்கும் இதற்கும் வேறுபடுகிற இடங்களை அங்கங்கே குறித்திருக்கிறோம். வேறுபாடு சிறியதல்ல. துப்பாக்கிக்காகச் சொல்லும் வீடியோவைப் பார்த்து ஸ்பிரிங் ரைஃபிளில் மாட்டினால் ஒரு படி தலைகீழாகப் போய்விடும்.

சட்டம், பாதுகாப்பு

2016-ஆம் ஆண்டு ஆயுத விதிகளின்படி, துளை 4.5 மி.மீ. (0.177 அங்குலம்) தாண்டாமலும் குழல்முனை ஆற்றல் 20 ஜூலுக்கு மேல் போகாமலும் இருக்கும் ஏர் ரைஃபிளுக்கு உரிமம் தேவையில்லை. இரண்டில் எது தாண்டினாலும் உரிமம் வேண்டும். அரை கிராம் பெல்லட் நொடிக்கு 180 மீட்டர் வேகத்தில் புறப்பட்டால் ஆற்றல் சுமார் 8 ஜூல்தான். சாதாரண ரைஃபிள்கள் வரம்புக்கு வெகு கீழே நிற்பவை. வாங்கிய ரசீதைப் பத்திரமாக வையுங்கள்; ரைஃபிளைக் கொண்டுபோகும்போது உறையில் போட்டுக் கொண்டுபோங்கள்.

இன்னொன்று. விளைக்குள் (தோப்புக்குள்) மயிலும் குரங்கும் வந்து படுத்துகிற பாடு மலையடிவாரத்தில் இருப்பவர்களுக்குத் தெரியும். ஆனாலும் 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முன்னால் “ஏர் கன்தானே” என்ற வாதம் நிற்காது. இங்கே சொல்வது முழுக்கக் காகித இலக்குக்கு.

வேலையைத் தொடங்குமுன் குழலை மடக்கி, பெல்லட் உள்ளே இல்லை என்று கண்ணால் பாருங்கள். காக் ஆகும் அளவுக்கு இழுக்காமல் மூடுங்கள். காக் ஆன நிலையில் ஒரு ஸ்க்ரூவைக்கூடத் தொடக்கூடாது. காக் ஆன ரைஃபிளின் குழல் திறந்திருக்கும்போது கை தவறி ட்ரிகரில் பட்டால் குழல் அறைந்து மூடும். இடையில் விரல் இருந்தால் விரல் போகும்.

உங்கள் ரெயில் எது?

ரெயில் என்பது ரைஃபிளின் மேல் டாட்டைக் கவ்வவிடும் நீளவாட்டு விளிம்பு; அதைக் கவ்வும் பகுதி மவுண்ட். கடையில் “யூனிவர்சல் மவுண்ட்” என்று தருவதை அப்படியே வாங்கிவிடாதீர்கள். ஒரு வெர்னியர் காலிப்பரால் ரெயிலின் மேல்பகுதி அகலத்தை அளந்துவிட்டுப் போங்கள். மார்த்தாண்டம், நாகர்கோவில் பக்கத்து எந்த லேத் பட்டறையிலும் ஒரு நிமிடம் கடன் வாங்கி அளந்துவிடலாம். ரெயிலின் முன்முனை, நடு, பின்முனை மூன்றையும் அளங்கள். மலிவான ரைஃபிள்களில் ஒரு முனை இன்னொரு முனையைவிடக் குறுகியிருப்பது உண்டு.

ஏர் ரைஃபிளில் பெரும்பாலும் இருப்பது டவ்டெயில்: உடலின் மேலேயே இரண்டு பக்கமும் சாய்வாக வெட்டிய பள்ளம். பெயரளவில் 11 மி.மீ. என்பார்கள். உண்மையில் 9.5 மி.மீ.யிலிருந்து (முக்கால் அங்குலத்தில் பாதி, அதாவது எட்டில் மூன்று அங்குலம்) 11-க்குக் கொஞ்சம் மேல் வரை பார்க்கலாம். சாய்வின் கோணமும் எல்லாவற்றிலும் ஒன்றல்ல. 45 பாகையும் உண்டு, 60 பாகையும் உண்டு. கோணம் பொருந்தாத கவ்வி ஒரு கோட்டில் மட்டும் தொட்டுக்கொண்டு நிற்கும். கையால் ஆட்டிப் பார்த்தால் இறுக்கமாகத்தான் தெரியும். நூறு அடி (ஷாட்) முடிவதற்குள் நழுவும்.

இரண்டாவது பிக்காட்டினி: 21.2 மி.மீ. அகலம், குறுக்கே வெட்டுகள். ஒவ்வொரு வெட்டும் 5.23 மி.மீ. அகலம், ஒரு வெட்டின் நடுவிலிருந்து அடுத்ததன் நடு வரை 10 மி.மீ. 1995-இல் அமெரிக்க ராணுவம் 1913 என்ற எண்ணில் தரப்படுத்திய அளவு இது. இதன் மூத்த உறவு வீவர். அதன் வெட்டு 4.57 மி.மீ.தான், இடைவெளியும் சீராக இருக்காது. வீவருக்கான மவுண்ட் பிக்காட்டினியில் ஏறும். பிக்காட்டினி மவுண்டின் குறுக்கு போல்ட் தடிமனானது, வீவர் வெட்டில் இறங்காது. இறங்காததை இறுக்கி இறுக்கி இறக்கப் பார்த்தால் அலுமினிய ரெயிலின் ஓரம் நசுங்கும்.

சந்தையில் இருக்கும் பெரும்பாலான ரெட் டாட்டின் அடி பிக்காட்டினிக்கானது. உங்கள் ரைஃபிளில் இருப்பது டவ்டெயில். எனவே இடையில் ஓர் அடாப்டர் வேண்டும். டவ்டெயிலுக்கே நேராகக் கவ்வும் அடியுடன் டாட் கிடைத்தால் அதை வாங்குங்கள். ஒரு மூட்டு குறைந்தால் நழுவ ஓர் இடம் குறையும், உயரமும் 8, 10 மி.மீ. குறையும்.

எந்த டாட், எதற்கு

ரெட் டாட் எதையும் பெரிதாக்கிக் காட்டாது. உள்ளே ஒரு சிறு எல்.இ.டி.; அதன் சிவப்பை மட்டும் திருப்பி அனுப்பும் பூச்சுடன் ஒரு வளைந்த கண்ணாடி; அவ்வளவுதான். 1975-இல் ஸ்வீடனின் எய்ம்பாயின்ட் இதை விற்பனைக்குக் கொண்டுவந்த நாள் முதல் அடிப்படை மாறவில்லை.

புள்ளியின் அளவை எம்.ஓ.ஏ. (மினிட் ஆஃப் ஆங்கிள், ஒரு பாகையில் அறுபதில் ஒரு பங்கு) கணக்கில் சொல்வார்கள். 1 எம்.ஓ.ஏ. என்பது 100 மீட்டரில் 29 மி.மீ.; 10 மீட்டரில் 2.9 மி.மீ. ஆக, 3 எம்.ஓ.ஏ. புள்ளி 10 மீட்டரில் சுமார் 9 மி.மீ. வட்டத்தை மறைக்கும். 10 மீட்டர் ஏர் ரைஃபிள் போட்டி அட்டையில் பத்து மதிப்பெண்ணுக்கான நடுப்புள்ளி வெறும் 0.5 மி.மீ. என்பதை நினைத்துப் பாருங்கள். பிள்ளையைப் போட்டிக்குத் தயார்ப்படுத்த நினைப்பவர்கள் ரெட் டாட்டில் காசு போட வேண்டாம். அந்தப் போட்டியில் ரெட் டாட்டுக்கு அனுமதியும் கிடையாது. சிறு துளை வழியே குறிபார்க்கும் துளைக்காட்சிதான் பழக வேண்டும். வெள்ளெழுத்து வந்து, பின் காட்சியும் முன் காட்சியும் இலக்கும் ஒரே நேரத்தில் தெளியாமல் சிரமப்படுகிறவர்களுக்குத்தான் ரெட் டாட் பெரிய வரம். புள்ளி இலக்கின் தொலைவிலேயே இருப்பதுபோல் தெரிவதால் கண் ஒரு இடத்தைப் பார்த்தால் போதும்.

குழாய் வடிவமா, திறந்த கண்ணாடி வடிவமா என்றால், நம் கடற்கரைக்குக் குழாய்தான். திறந்த வகையில் எல்.இ.டி. வெளியே தெரியும்படி அடித்தட்டில் உட்கார்ந்திருக்கும். குளச்சல், மணக்குடி பக்கத்து உப்புக்காற்றில் அதன்மேல் ஒரு துளி படிந்தால் புள்ளி கலங்கிவிடும். குழாய்க்கு இரண்டு பக்கமும் கண்ணாடி இருக்கிறது, மூடியும் போடலாம்.

வாங்குமுன் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றே: ஸ்பிரிங் ஏர் ரைஃபிளுக்குத் தாங்கும் என்று பெட்டியிலோ கையேட்டிலோ எழுதியிருக்கிறதா? பெரிய துப்பாக்கியின் உதைப்பைத் தாங்கும் டாட்கூட ஸ்பிரிங் ரைஃபிளில் உடைவது உண்டு. ஏன் என்பது அடுத்த பகுதியில்.

புள்ளியை எரியவிட்டுப் பாருங்கள். வட்டமாக இல்லாமல் வால்முளைத்த நட்சத்திரம்போலத் தெரிந்தால் கடைக்காரரிடம் சண்டைக்குப் போகாதீர்கள். டாட்டைக் கையில் எடுத்து மெல்லச் சுழற்றுங்கள். வாலும் கூடவே சுழன்றால் குறை டாட்டில். வால் அதே திசையில் நின்றால் உங்கள் கண்ணில் சிதறல் பார்வை (அஸ்டிக்மாட்டிசம்) இருக்கிறது. கண்ணாடி போட்டுப் பார்த்தால் சரியாகும்.

ஸ்பிரிங் ரைஃபிள் எந்தப் பக்கம் தள்ளும்?

துப்பாக்கி வெடித்தால் உடல் பின்னால் உதைக்கும். மேலே இருக்கும் டாட் தன் எடையால் இருந்த இடத்திலேயே நிற்கப் பார்க்கும். எனவே ரெயிலைப் பொறுத்தவரை டாட் முன்னால் நழுவப் பார்க்கும். அதனால்தான் துப்பாக்கியில் பொருத்துகிறவர்கள் டாட்டை முன்னால் தள்ளி, குறுக்கு போல்ட் வெட்டின் முன்சுவரைத் தொடும்படி வைத்து இறுக்குகிறார்கள்.

ஸ்பிரிங் ரைஃபிளில் உதைப்பு இரண்டு. ட்ரிகர் விட்டதும் கனமான பிஸ்டன் முன்னால் பாய்கிறது, ரைஃபிள் பின்னால் வருகிறது. இது மென்மையானது. பிஸ்டன் குழாயின் முனையில் காற்றுமெத்தையில் மோதி நிற்கும் கணத்தில் ரைஃபிள் வெடுக்கென்று முன்னால் இழுக்கப்படுகிறது. இதுதான் கொடியது. இந்த இரண்டாவது இழுப்பில் டாட் பின்தங்கி, ரெயிலில் பின்னோக்கி நழுவுகிறது. இருபுறமும் மாறி மாறி விழும் இந்த அடிதான் உள்ளே இருக்கும் லென்ஸையும் பேட்டரித் தகட்டையும் கழற்றுவது.

ஆகவே ஸ்பிரிங் ரைஃபிளில் பின்னால் தள்ளி இறுக்க வேண்டும்: குறுக்கு போல்ட் வெட்டின் பின்சுவரைத் தொட வேண்டும், நழுவாமல் தடுக்கும் ஸ்டாப் பின் (ஒரு சிறு முளை) தன் துளையின் பின்சுவரைத் தொட வேண்டும். மேலே ‘தலைகீழாகப் போய்விடும்’ என்றது இந்தப் படியைத்தான்.

மேசையில் எடுத்து வைக்க வேண்டியவை

1.5, 2, 2.5, 3 மி.மீ. ஆலன் கீ, டாட்டுக்கு நட்சத்திர வாய் ஸ்க்ரூ இருந்தால் டி-10, டி-15 பிட். தேய்ந்து முனை மழுங்கிய கீயைத் தூக்கிப் போட்டுவிடுங்கள். ஸ்க்ரூவின் தலை உருண்டுபோவது அதனால்தான். மெடிக்கலில் கிடைக்கும் ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் ஒரு சிறு குப்பி, பழைய பல் துலக்கி, நூல் பிரியாத துணி. ஸ்க்ரூ தளராமல் பிடிக்கும் பசையான நீல நிற லாக்டைட் (242 அல்லது 243). சிவப்பு வேண்டவே வேண்டாம். அதைக் கழற்ற ஸ்க்ரூவை 250 பாகை செல்சியஸுக்கு மேல் சூடாக்க வேண்டியிருக்கும், அதற்குள் டாட் உருகிவிடும். வெள்ளை பெயின்ட் மார்க்கர், அது இல்லையென்றால் வீட்டில் இருக்கும் நகப்பூச்சு. இறுக்கத்தை அளந்து திருப்பும் டார்க் (torque) ஸ்க்ரூடிரைவர் இருந்தால் நல்லது.

தேங்காய் எண்ணெயை மேசையிலிருந்து எடுத்துவிடுங்கள். நம் ஊரில் தையல் மெஷினிலிருந்து கதவுக் கீல் வரை அதுதான் மருந்து. ரெயிலில் பட்டால் கவ்வி வழுக்கும்; நாள்பட்டால் பிசினாக இறுகும். காற்றறைக்குள் இறங்கினால் அழுத்தத்தில் தீப்பிடித்து டப்பென்று வெடிக்கும், பிஸ்டனின் சீலும் ஸ்பிரிங்கும் கெடும், வேகம் அடிக்கு அடி மாறும்.

பொருத்தும் வரிசை

1. டாட்டைத் தொடுமுன் ரைஃபிளின் கட்டையை (தோளில் ஊன்றிப் பிடிக்கும் பகுதியை) பிடித்திருக்கும் ஸ்க்ரூக்களை இறுக்குங்கள்: முன்பக்கம் இரண்டு, ட்ரிகர் காப்பின் அருகே ஒன்றோ இரண்டோ. ஸ்பிரிங் ரைஃபிளில் முதலில் தளர்வது இவைதான். இவை தளர்ந்திருந்தால் கீழே சொல்வது எதுவும் பயன்படாது. குழலைப் பக்கவாட்டில் ஆட்டிப் பார்த்து, மடங்கும் மூட்டில் ஆட்டம் இல்லை என்று உறுதிசெய்யுங்கள்.

2. ரெயிலின் பள்ளம், அடாப்டரின் தாடை, டாட்டின் அடி, எல்லா ஸ்க்ரூ மரைகளும் ஆல்கஹாலில் துடைக்கப்பட வேண்டும். புதிய ரைஃபிளில் பாதுகாப்புக்குப் பூசிய கிரீஸ் பள்ளத்தின் அடியில் நிற்கும். பல் துலக்கியால் தேய்த்தால்தான் வரும். ஐந்து நிமிடம் காயவிடுங்கள். மழைக்காலத்தில் பத்து.

3. பள்ளத்தின் சாய்ந்த பக்கங்களில் மார்க்கரால் லேசாக வண்ணம் பூசி, அடாப்டரை மாட்டி இறுக்கி, கழற்றிப் பாருங்கள். வண்ணம் நீளவாட்டில் முழுதும் தேய்ந்திருந்தால் கோணம் பொருந்துகிறது. இரண்டு புள்ளிகளில் மட்டும் தேய்ந்திருந்தால் அந்த அடாப்டரைத் திருப்பிக் கொடுங்கள். அரத்தை எடுத்து ராவிச் சரிசெய்யப் பார்க்காதீர்கள். இந்தச் சோதனைக்கு மூன்று நிமிடம்தான் ஆகும், ஆனால் அநேகம்பேர் தாண்டிப்போவது இதைத்தான். வண்ணத்தை மறுபடி ஆல்கஹாலால் துடையுங்கள்.

4. ஸ்டாப் பின். ரைஃபிளின் மேல் பின்பகுதியில் ஒரு சிறு துளை இருந்தால் அது இதற்கானது. அடாப்டரின் அடியிலிருந்து இறங்கும் பின் அந்தத் துளைக்குள் 1.5 முதல் 2 மி.மீ. இறங்கினால் போதும். அதிகம் திருகிவிட்டால் பின் துளையின் அடியில் முட்டி, அடாப்டரின் பின்பக்கத்தைத் தூக்கிவிடும். அப்போது கவ்வி முன்பாதியில் மட்டும் பிடிக்கும், பெல்லட்டும் அளவுக்கு மேல் உயரே போகும். துளையே இல்லாத ரைஃபிளுக்குத் தனி ஸ்டாப்பர் கட்டை கிடைக்கும். அதை அடாப்டருக்குப் பின்னால் ஒட்டினாற்போல் ரெயிலில் கவ்வ வையுங்கள்.

5. அடாப்டரைப் பின்னால் தள்ளிப் பிடித்துக்கொண்டு ஸ்க்ரூக்களைக் கையால் முட்டும் வரை திருகுங்கள். பிறகு ஒன்றில் கால் சுற்று, அடுத்ததில் கால் சுற்று என்று மாற்றி மாற்றி இறுக்குங்கள். ஒன்றை முழுதாக இறுக்கிவிட்டு மற்றதுக்குப் போனால் தாடை கோணிக்கொள்ளும். தயாரிப்பாளர் அளவு கொடுத்திருந்தால் அதுவே முடிவு. கொடுக்காவிட்டால் சிறிய அலுமினியக் கவ்விக்கு 1.7 முதல் 2.3 நியூட்டன் மீட்டர், அதாவது 15 முதல் 20 இஞ்ச் பவுண்ட். டார்க் கருவி இல்லாதவர்கள் ஆலன் கீயின் நீண்ட கையை ஸ்க்ரூவுக்குள் செருகி, குட்டைக் கையை இரண்டு விரலால் திருப்புங்கள். விரல் வலிக்கும் இடத்தில் நிறுத்துங்கள். நீண்ட கையைப் பிடித்து முழங்கை பலத்தால் திருப்பினால் அலுமினிய மரை உரிந்து வரும்.

6. டாட்டை அடாப்டரின் பிக்காட்டினி மேல் வையுங்கள். கண்ணுக்கும் டாட்டுக்கும் இவ்வளவு தூரம் வேண்டும் என்ற கட்டாயம் டெலஸ்கோப்பைப்போல இதற்கு இல்லை. முன்னால் போகப் போக அது பார்வையை மறைப்பது குறையும். ஆனால் அடாப்டரை மடங்கும் குழலின்மேல் கொண்டுபோகக் கூடாது, ரைஃபிளின் உடல்மேல் மட்டும். பெல்லட் போடும் கை இடிக்காத இடம் பாருங்கள். போல்ட்டை வெட்டில் இறக்கி, பின்னால் தள்ளி, இறுக்குங்கள்.

7. டாட்டின் உடலையும் அதன் அடித்தட்டையும் சேர்க்கும் ஸ்க்ரூக்கள் தனி. கப்பலில் வந்த பெட்டியில் அவை பாதி தளர்ந்தே வருவது உண்டு. ஒவ்வொன்றாகக் கழற்றி, மரையில் ஒரே ஒரு பொட்டு நீல லாக்டைட் வைத்துத் திரும்ப இறுக்குங்கள். லாக்டைட் காற்றில் உலர்வதல்ல. காற்று படாமல் உலோகத்துக்கு நடுவே அடைபட்டால்தான் இறுகும். முழு இறுக்கத்துக்கு 24 மணி நேரம். அன்று சாயங்காலமே சுடப் போகாதீர்கள். பிளாஸ்டிக்கில் பட்டால் விரிசல் விடும், உடனே துடைக்கவும். அடிக்கடி கழற்றும் கவ்வி ஸ்க்ரூக்களுக்கு லாக்டைட் வேண்டாம்.

8. ஒவ்வொரு ஸ்க்ரூவின் தலையிலிருந்தும் பக்கத்து உலோகம் வரை ஒரு வெள்ளைக் கோடு. அடாப்டரின் பின்முனையிலிருந்து ரைஃபிளின் உடல் வரை இன்னொரு கோடு. இனி எது நகர்ந்தாலும் கோடு உடைந்து காட்டிக்கொடுக்கும்.

குழல் தலைகுனிந்தால்

மடக்கும் குழல் ரைஃபிள்களில் குழல் ரெயிலுக்கு இணையாக இல்லாமல் கொஞ்சம் கீழ்நோக்கிச் சாய்ந்திருப்பது சாதாரணம். டாட்டின் மேல்-கீழ் திருத்தும் திருகை முடியும்வரை திருப்பியும் பெல்லட் தாழ்வாகவே விழுந்தால் காரணம் இது. திருகை அதன் கடைசி முனையில் வைத்துப் பயன்படுத்தக் கூடாது. அங்கே உள்ளிருக்கும் ஸ்பிரிங்குக்கு அழுத்தம் போதாது, அடிக்கு அடி நகரும்.

டாட்டின் பின்பக்கத்தைத் தூக்கினால் பெல்லட் மேலே ஏறும். 50 மி.மீ. நீள அடித்தட்டின் பின்முனையில் 0.1 மி.மீ. தகடு வைத்தால் 10 மீட்டரில் 20 மி.மீ. உயர்வு. குளிர்பான அலுமினிய டின்னின் சுவர் ஏறத்தாழ அந்தத் தடிமன்தான். டாட்டின் உடலுக்கும் அடித்தட்டுக்கும் நடுவே ஒன்று, மிஞ்சினால் இரண்டு. மூன்றாவது தேவைப்பட்டால் சரிவு வைத்தே செய்த அடாப்டரை வாங்குவதுதான் சரி. காகிதம், இன்சுலேஷன் டேப், சைக்கிள் டியூப் எதுவும் வேண்டாம். நசுங்கும், நசுங்க நசுங்க ஜீரோ மாறும்.

ஜீரோ செய்வது

ஜீரோவுக்கு ஏர் ரைஃபிள் அட்டையை விட 10 மீட்டர் ஏர் பிஸ்டல் அட்டை வசதி. அதன் பத்தாம் வட்டம் 11.5 மி.மீ., கறுப்பு 59.5 மி.மீ.; ஒரு வட்டத்திலிருந்து அடுத்ததுக்கு 8 மி.மீ. உங்கள் டாட்டின் ஒரு கிளிக் 1 எம்.ஓ.ஏ. என்றால் 10 மீட்டரில் ஒரு வட்டத்துக்கு மூன்று கிளிக்குக்குச் சற்றுக் குறைவு. அரை எம்.ஓ.ஏ. என்றால் ஐந்தரை. ஸ்கேல் இல்லாமலே கணக்கு ஓடும்.

இலக்கின் பின்னால் பழைய துணியைத் திணித்த மரப்பெட்டி, அதன் பின்னால் மணல் மூட்டை. மதிலில் நேராக அட்டையை ஒட்டிச் சுடக்கூடாது. சிரட்டை, ஓடு, பாட்டில் எதுவும் இலக்காகாது. ஈயப் பெல்லட் கடினமானதில் பட்டால் சுட்டவர் முகத்துக்கே திரும்பும். பாதுகாப்புக் கண்ணாடி போடுங்கள். நம் வீடுகள் நெருக்கமானவை, தோப்புக்குள்ளும் ஒற்றையடிப் பாதை இருக்கும். இலக்குக்குப் பின்னால் யாரும் வர வழியில்லாத இடமாகப் பாருங்கள்.

ஆரல்வாய்மொழிக் கணவாயின் காற்றாலைகள் முழு வேகத்தில் சுற்றுகிற ஆனி, ஆடி மாதங்களில் அந்தப் பக்கத்தில் வெளியில் ஜீரோ செய்யாதீர்கள். அரை கிராம் பெல்லட் அந்தக் காற்றுக்குத் தூசு. விடியற்காலை, அல்லது கூரைக்குள்.

ரைஃபிளை மேசைமேலோ கல்மேலோ நேராக வைக்கக் கூடாது, துள்ளி வேறிடத்தில் அடிக்கும். அரிசி நிரப்பிய துணிப்பையின் மேல் உங்கள் உள்ளங்கை, உள்ளங்கை மேல் ரைஃபிள், இறுகப் பிடிக்காமல். தோளிலும் அழுத்த வேண்டாம். ஒவ்வொரு அடிக்கும் கை ஒரே இடத்தில் இருக்க வேண்டும்.

புள்ளியின் வெளிச்சம் எவ்வளவு குறைவாக இருக்கலாமோ அவ்வளவு குறைவாக. அதிகமாக்கினால் புள்ளி பூத்து இரண்டு மடங்காகத் தெரியும். இரண்டு கண்ணையும் திறந்து இலக்கைப் பாருங்கள்.

முதலில் திருகுகளை நடுவுக்குக் கொண்டுவாருங்கள்: ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை கிளிக்கை எண்ணி, பாதி திரும்புங்கள். 5 மீட்டரில் மூன்று பெல்லட் சுடுங்கள்.

5 மீட்டரில் பெல்லட்டை நட்டநடுவில் கொண்டுவரக் கூடாது. டாட் குழலுக்குச் சுமார் 40 மி.மீ. மேலே இருக்கிறது. 10 மீட்டரில் சரியாக வர வேண்டுமென்றால், நொடிக்கு 180 மீட்டர் வேகப் பெல்லட் 5 மீட்டரில் புள்ளிக்கு 16 மி.மீ. கீழே, அதாவது இரண்டு வட்டம் தாழ்வாக விழ வேண்டும். இது தெரியாமல் 5 மீட்டரில் நடுவில் வைத்துவிட்டு, 10-க்குப் போனதும் பெல்லட் மேலே ஏறிவிட்டதென்று குழம்புவார்கள். 5 மீட்டரில் ஒரு கிளிக் பாதி தூரமே நகர்த்தும் (1.45 மி.மீ.) என்பதையும் மறக்க வேண்டாம்.

பிறகு 10 மீட்டர். ஐந்து பெல்லட் சுட்டு, ஐந்தின் நடுவைக் கண்டுபிடித்து அதற்குத் திருத்துங்கள். ஒவ்வோர் அடிக்கும் திருத்துகிறவர் தன் கை நடுக்கத்தைத்தான் துரத்திக்கொண்டிருப்பார். குரூப்பின் நடு 24 மி.மீ. தாழ்வு, 16 மி.மீ. இடது என்று வைத்துக்கொள்வோம். ஒரு கிளிக் 1 எம்.ஓ.ஏ. என்றால், 24-ஐ 2.9-ஆல் வகுத்தால் எட்டு கிளிக் மேலே; 16-ஐ வகுத்தால் ஐந்தரை, ஐந்து கிளிக் வலது போட்டு மறுபடி ஐந்து பெல்லட் சுடுங்கள். திருகின் அம்புக்குறி பெல்லட் போக வேண்டிய திசையைக் காட்டும் என்பது வழக்கம். மலிவானவற்றில் நேர்மாறாகவும் அச்சடித்திருப்பார்கள். முதல் திருத்தத்திலேயே தெரிந்துவிடும்.

மேலே எட்டு கிளிக் போட்டதற்குக் குரூப் மேலேயும் பக்கத்திலும் சேர்ந்து சாய்வாக நகர்ந்தால் டாட் கோணலாக உட்கார்ந்திருக்கிறது. கழற்றி ஐந்தாம் படியிலிருந்து செய்ய வேண்டும்.

‘ரெட் டாட்டுக்கு இடமாறு பிழை (தலை நகர்ந்தால் குறியும் நகர்வது) கிடையாது’ என்று விளம்பரம் சொல்லும். 50, 100 மீட்டருக்கு அது கிட்டத்தட்ட உண்மை. 10 மீட்டரில் உண்மையல்ல. புள்ளி கண்ணாடியின் நடுவிலிருந்து ஓரத்துக்குப் போகும்படி தலையை 8 மி.மீ. நகர்த்தினால் பெல்லட்டும் ஏறக்குறைய அவ்வளவு நகரும், ஒரு முழு வட்டம். கன்னம் கட்டையில் ஒவ்வொரு முறையும் ஒரே இடத்தில் படிய வேண்டும், புள்ளி கண்ணாடியின் நடுவில் இருக்க வேண்டும். கட்டை தாழ்வாக இருந்து முகவாய் மட்டும் தொட்டால் கன்னத்துக்கு ஒரு பட்டை கட்டுங்கள்.

முப்பது பெல்லட் சுட்டபின் வெள்ளைக் கோடுகளைப் பாருங்கள். கவ்வி ஸ்க்ரூ கால் சுற்று இறங்கலாம், இது புதுப் பொருத்தத்துக்கு இயல்பு. இறுக்கி, மறுபடி ஐந்து சுட்டு, தேவையென்றால் திருத்துங்கள். அதன்பின் ஜீரோ நிலைக்கும்.

சரியாகாதபோது எங்கே பார்ப்பது

குரூப் மெல்லக் கீழே இறங்குகிறது: அடாப்டரின் பின்கோடு உடைந்திருக்கிறதா பாருங்கள். உடைந்திருந்தால் ஸ்டாப் பின் வேலை செய்யவில்லை. உடையவில்லையென்றால் கட்டையின் ஸ்க்ரூ.

குரூப் நீளவாட்டில் மேலும் கீழுமாகச் சிதறுகிறது: காரணம் டாட் அல்ல. முன்கை பிடிக்கும் இடம் மாறுகிறது, அல்லது காற்றறையில் எண்ணெய் இறங்கி வேகம் மாறுகிறது. புகையும் கருகல் வாடையும் வந்தால் பின்னதுதான்.

சுடும்போது புள்ளி அணைந்து எரிகிறது: பேட்டரித் தகடு தளர்ந்திருக்கிறது. பெரும்பாலும் சி.ஆர். 2032, மூடியைக் கழற்றித் தகட்டைப் பல்குச்சியால் மெல்லத் தூக்கிவிடுங்கள், தொடும் இடத்தை ஆல்கஹாலால் துடையுங்கள். ஒரு பெட்டி பெல்லட்டுக்குள் மறுபடி அணைந்தால் அந்த டாட் ஸ்பிரிங் ரைஃபிளுக்கு ஆகாதது.

திருகு திரும்புகிறது, பெல்லட் நகரவில்லை. ஐந்தாறு அடி கழித்து ஒரே தாவலாகத் தாவுகிறது: உள்ளிருக்கும் ஸ்பிரிங் சிக்கிக்கொள்கிறது. திருத்தியதும் திருகுக்கு அருகே திருப்புளியின் பிடியால் இரண்டு தட்டு தட்டிவிட்டுச் சுடுங்கள். திறந்த வகையில் பூட்டு ஸ்க்ரூவைத் தளர்த்த மறந்திருக்கவும் கூடும்.

இரண்டு மழைக்காலம், ஒரு கடல்

குமரிக்குத் தென்மேற்கும் உண்டு, வடகிழக்கும் உண்டு. ஜூனில் தொடங்கும் ஈரம் டிசம்பரில்தான் விடுகிறது. அலுமினிய உடலில் இரும்பு ஸ்க்ரூ, நடுவே உப்பு ஈரம் என்றால் அலுமினியம் அரித்து வெள்ளைப்பொடி பூக்கும், ஸ்க்ரூ அங்கேயே சமாதியாகும். முடிந்தால் ஸ்டெயின்லெஸ் ஸ்க்ரூ. கவ்வி ஸ்க்ரூவின் மரையில் மட்டும் விரல்நுனியில் ஒட்டும் அளவு கிரீஸ். மரையில் கிரீஸ் இருந்தால் அதே பலத்துக்கு ஸ்க்ரூ அதிகமாக இறுகும், எனவே மேலே சொன்ன அளவில் தாழ்ந்த எண்ணில் நிறுத்துங்கள்.

ரைஃபிளை உறைக்குள் வைத்து அலமாரியில் பூட்டாதீர்கள், உறை ஈரத்தைப் பிடித்து வைக்கும். மூடி இறுகும் பிளாஸ்டிக் டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலத்துடன் டாட்டை வைத்தால் லென்ஸில் பூஞ்சை பிடிக்காது. கழற்றியதால் ஜீரோ போய்விடுமே என்றால், எந்த வெட்டில் இருந்தது என்று குறித்து, அதே வெட்டில், பின்னால் தள்ளி, அதே இறுக்கத்தில் மாட்டினால் ஒன்றிரண்டு கிளிக்குக்குள் திரும்பி வரும்.

கடற்கரையிலிருந்து வந்ததும் லென்ஸை வேட்டி நுனியால் துடைக்காதீர்கள். படிந்திருப்பது உப்புப்பொடி, மணல்போலக் கீறும். முதலில் ரப்பர் பந்தால் ஊதி, பிறகு சுத்தமான மைக்ரோஃபைபர் துணியில் ஒரு சொட்டு ஆல்கஹால் விட்டு நடுவிலிருந்து வெளிப்பக்கமாக. ஒரு மாதத்துக்கு மேல் எடுக்கப் போவதில்லை என்றால் பேட்டரியைக் கழற்றித் தனியே வையுங்கள்.